திவ்யாவுக்குக் கிடைத்த ஒரு வருடம்

அன்புள்ள அண்ணாவுக்கு,

போன கிழமை ‘மௌன ராகம்’ படம் மறுபடியும் பார்த்தேன். முன்பு மிகவும் பிடித்திருந்த முடிவு, இந்த முறை கோபத்தைக் கிளப்பியது. காதலன் மனோகரை இழந்த திவ்யா, வேறொருவரைக் கட்டி டெல்லிக்குப் போய் ஒரு வருடத்துக்குள் புருசனை விரும்பத் தொடங்கிவிடுகிறாளே! நான் விரும்பியவர் இரண்டு வருடத்துக்கு முன் விபத்தில் போய்விட்டார். எங்கள் விசயம் வீட்டில் யாருக்கும் தெரியாது. இப்போது ஒரு சம்பந்தம் வந்திருக்கிறது. அவர் நல்லவராகத்தான் தெரிகிறார். அதுதான் பயமாக இருக்கிறது. திவ்யா செய்தது மறதியா?

உப்புவெளியிலிருந்து ஒரு வாசகி

அன்புள்ள தங்கச்சிக்கு,

பெயர் போட வேண்டாம் என்றீர்கள், போடவில்லை.

மறதி என்று எனக்குத் தோன்றவில்லை. பதிவுத் திருமணத்துக்குக் காத்திருந்த இடத்தில், அவள் கண்முன்னே மனோகர் குண்டுபட்டுச் சாகிறான். அதன்பின் திவ்யாவுக்கு என்ன இருந்தது? மனைவி என்றால் ஊரே வந்து பக்கத்தில் இருந்து அழும். எட்டு, முப்பத்தோராம் நாள் அந்தியேட்டி, வருடம் முடிய ஆட்டைத் திவசம் என்று துக்கத்துக்கு நாள் குறித்துக் கொடுக்கும். காதலிக்குச் செத்தவீட்டில் ஒரு மூலைகூட இல்லை. மறுநாள் கண் வீங்கியிருப்பதைப் பார்த்து யாராவது கேட்டால், தலையிடி என்று சொல்ல வேண்டும். நீங்களும் சொல்லியிருப்பீர்கள்.

அப்புறம் அவளை அவசரமாகக் கட்டிக்கொடுக்கிறார்கள். விவாகரத்துக் கேட்கிறாள். கலியாணமாகி ஒரு வருடம் ஆகாமல் மனுக் கொடுக்க அங்கே சட்டம் இடம் தராது. படம் 1986இல் வந்தபோது அதைக் கதையை நகர்த்தும் ஒரு தடையாகத்தான் பார்த்தேன். இப்போது அது அவளுக்குக் கிடைக்காமல் போன ஆட்டைத் திவச வருடமாகத் தெரிகிறது. ஒருவரும் தொடாமல், நெருக்காமல், துக்கத்தோடு இருக்கக் கிடைத்த வருடம்.

திருகோணமலைப் பக்கத்துக் கன்னியா வெந்நீர்க் கிணறுகள் ஞாபகம் வருகின்றன. தாய் இறந்தாள் என்று கேட்டு, இராவணன் கடன் கழிக்க உண்டாக்கியவை என்பது நம் ஊர்க்கதை. அதனால்தான் அந்தியேட்டிக்கு நம் சனம் அங்கே போகும். பல வருடங்களுக்கு முன் என் சிநேகிதனின் முப்பத்தோராம் நாளுக்கு நானும் போனேன். தம்பி கிரியை செய்தான். தள்ளி, மரத்தடியில் ஒரு பெண் நின்றாள். அவள் யாரென்று அங்கே எனக்கு மட்டும்தான் தெரியும். ஒரு வாளியைக் கொண்டுபோய்க் கொடுத்து, நீயும் முழுகு பிள்ளை என்று சொல்லியிருக்கலாம். சொல்லவில்லை. இன்றும் அது என்னை வருத்துகிறது.

சரி, உங்கள் விசயத்துக்கு வருகிறேன். படத்தில் எனக்கு ஒரு மனத்தாங்கல் உண்டு. மனோகரின் கதையைத் திவ்யா சொல்லி முடித்ததும், அந்தத் துக்கம் எங்கே போனது என்று படம் நின்று பார்ப்பதில்லை. ஆனால் அவள் சொல்கிறாள், புருசன் சந்திரகுமார் கேட்கிறான். அது பெரிய விசயம். சம்மதம் சொல்லுமுன் நீங்களும் அந்த மனிதரிடம் சொல்லுங்கள். இறந்தவரின் பெயரைச் சொல்லியே சொல்லுங்கள். அவர் கேட்கும் விதத்தில் உங்களுக்கு விளங்கிவிடும். வீட்டில் அவசரப்படுத்தினால் தவணை கேளுங்கள்.

அதற்குமுன், மனம் இருந்தால், ஒரு விடிகாலை கன்னியாவுக்குப் போய் முழுகிவிட்டு வாருங்கள். ஏழு கிணற்றிலும் சூடு ஒரேமாதிரி இருக்காது. தாங்கக்கூடியதைப் பார்த்து அள்ளுங்கள். தனியாகப் போகத் தயக்கமென்றால் எழுதுங்கள். என் மனைவி கூட வருவாள்.

அன்புடன்,
அண்ணா