உறவினர் முன் மானம் காக்கப் போராடும் மௌனப்படம்: என் தேர்வு

வீட்டுக்கு வரும் உறவினர் முன்னால் எல்லாம் சுகமாக இருப்பதாகக் காட்டிக்கொள்வதை வைத்து எடுத்த மௌனப்பட நகைச்சுவைகளில் எதைப் பார்க்கலாம் என்று கேட்டிருக்கிறீர்கள். எனக்குத் தோன்றுவது அமெரிக்க நகைச்சுவை ஜோடியான லாரல், ஹார்டி நடித்த ‘தட்ஸ் மை வைஃப்’. ஹால் ரோச் நிறுவனம் தயாரித்தது; 1929 மார்ச்சில் வெளியானது. இரண்டு ரீல்தான், அதாவது சுமார் இருபது நிமிடம்.

ஹார்டியின் வீட்டிலேயே லாரல் தங்கிவிட்டார். பொறுக்க முடியாமல் ஹார்டியின் மனைவி பெட்டியைக் கட்டிக்கொண்டு கிளம்புகிறார். அந்த நேரம் பார்த்துப் பணக்கார பெர்னல் மாமா வந்து சேர்கிறார். ஹார்டி மனைவியோடு இன்பமாக வாழ்ந்தால்தான் சொத்து! வேறு வழியின்றி லாரலுக்குக் கவுனும் பொய்முடியும் மாட்டி மனைவியாக்கிவிடுகிறார் ஹார்டி.

மூவரும் இரவு விருந்துக்குப் போன பிறகுதான் படம் உச்சத்தைத் தொடுகிறது. நகை திருடிய பணியாள் ஒருவன், பிடிபடும் பயத்தில் அதை லாரலின் கவுனுக்குள் போட்டுவிடுகிறான். அதை வெளியே எடுக்க ஹார்டி மறைவிடம் தேடி அலைகிறார். எங்கே ஒதுங்கினாலும் யாராவது வந்து நிற்கிறார்கள். பார்ப்பவர்களுக்கு அது வேறு மாதிரி தெரிகிறது. கௌரவத்தைக் காப்பாற்ற அவர் எடுக்கும் ஒவ்வொரு முயற்சியும் கௌரவத்தையே தின்கிறது. அப்போதும் ஹார்டியின் மரியாதையான நடத்தை குலைவதில்லை. டையைச் சரிசெய்துகொண்டு புன்னகைக்கிறார். வெட்கத்தை இவ்வளவு நுணுக்கமாக முகத்தில் கொண்டுவந்த நடிகர்கள் மிகக் குறைவு என்பேன்.

இந்தக் கதைக்கு மௌனம் பெரிய துணை. குரல் கேட்காததால்தான் மாமா ஏமாறுவதை நாம் மறுபேச்சின்றி ஏற்றுக்கொள்கிறோம். லாரல் ஒரு வார்த்தை பேசுவது காதில் விழுந்திருந்தால் வேடம் அங்கேயே கலைந்திருக்கும். அதே ஆண்டிலேயே இருவரும் பேசும் படத்துக்கு மாறிவிட்டார்கள் என்பதால், சரியான தருணத்தில் எடுக்கப்பட்ட படம் இது.

இயக்குநர் லாய்ட் பிரெஞ்ச். மேற்பார்வை லியோ மெக்கேரி. அவசரப்படாமல், ஒரு சங்கடத்தை முழுதாக ஊறவிட்டு அடுத்ததற்குப் போகும் நிதானம், மெக்கேரி இந்த ஜோடிக்கு வகுத்துக் கொடுத்த பாணி. ஓடுவதும் விழுவதுமே நகைச்சுவை என்றிருந்த காலத்தில் அது துணிச்சலான காரியம்.

1929இல் வெளியான படம் என்பதால் 2025 ஜனவரி 1 முதல் அமெரிக்காவில் இதற்குப் பதிப்புரிமை இல்லை. நல்ல பிரதியாகத் தேடிப் பாருங்கள். மங்கலான பிரதியில் ஹார்டியின் முகபாவம் பாதி போய்விடும்.