விளக்கு எரிகிறது, கணினிக்குத் தெரியவில்லை: டிரைவர் மென்பொருளுக்குப் பணம் கொடுக்கும் முன் கேபிளை மாற்றுங்கள்

கேள்வி: வளைகுடாவில் வேலை பார்க்கும் என் தம்பி, போன விடுமுறைக்கு வந்தபோது தான் பயன்படுத்திய பிளேஸ்டேஷன் 4 ஜாய்ஸ்டிக்கை என் மகனுக்குக் கொடுத்துவிட்டுப் போனான். எங்கள் வீட்டில் இருப்பது விண்டோஸ் கணினி. களியக்காவிளை பஸ் நிலையத்துக்குப் பக்கத்தில் ஒரு கேபிள் வாங்கி இணைத்தோம். ஆரஞ்சு விளக்கு எரிகிறது, ஆனால் விளையாட்டில் எதுவும் அசையவில்லை. எல்லைக்கு அந்தப் பக்கம், கேரளத்தில், ஒரு கடையில் விசாரித்தால், ‘ஒரிஜினல் டிரைவர்’ போட 1,500 ரூபாய், புளூடூத் கருவிக்கு 900 ரூபாய், அப்படியும் சரியாகாவிட்டால் மதர்போர்டைப் பார்க்க வேண்டும் என்கிறார்கள். தவணையில் வாங்கிய கணினி. செலவு செய்யலாமா? — ஒரு தாய், களியக்காவிளை.

பதில்: வேண்டாம், சகோதரி. இப்போதைக்கு அந்தக் கடையில் ஒரு ரூபாயும் கொடுக்காதீர்கள். உங்கள் கணினியின் மதர்போர்டுக்கு, அதாவது உள்ளே இருக்கும் முதன்மைப் பலகைக்கு, ஒன்றும் ஆகியிருக்காது. தம்பி கொடுத்த ஜாய்ஸ்டிக்கும் (நாங்கள் ‘பேடு’ என்போம்) பெரும்பாலும் நன்றாகத்தான் இருக்கும். நீங்கள் எழுதியதை வைத்துப் பார்த்தால், பஸ் நிலையத்தில் வாங்கிய அந்தக் கேபிள்தான் குற்றவாளி. மார்த்தாண்டத்தில் பழுதுபார்க்கும் மேசையில் உட்கார்ந்திருக்கும் எனக்கு இதே கதை மாதந்தோறும் வருகிறது.

காரணம் எளியது. யுஎஸ்பி கேபிளுக்குள் நான்கு கம்பிகள் இருக்க வேண்டும். சிவப்பும் கறுப்பும் மின்சாரம் கொண்டுபோகின்றன. வெள்ளையும் பச்சையும் செய்தி கொண்டுபோகின்றன. பொத்தானை அழுத்தினால் ‘அழுத்தினார்கள்’ என்ற செய்தி அந்த வெள்ளை, பச்சைக் கம்பிகளில்தான் கணினிக்குப் போய்ச் சேரும். மலிவான சார்ஜர் கேபிள்கள் பலவற்றில் அந்த இரண்டையும் வைப்பதே இல்லை. சென்ற வாரம் ஒருவர் கொண்டுவந்த கேபிளை அவர் கண்ணெதிரே கத்தியால் கீறிக் காட்டினேன். வெளியே பார்க்கத் தடித்த கேபிள், துணி பின்னிய உறை. உள்ளே கறுப்பு ரப்பருக்குள் ரப்பர், அதற்கும் உள்ளே தலைமுடி போன்ற செம்பு இழைகளோடு சிவப்பு ஒன்று, கறுப்பு ஒன்று. அவ்வளவுதான். அந்த மனிதர் அதற்குள் இரண்டு கடைகளில் பணம் கட்டியிருந்தார்.

உங்கள் பேடில் ஆரஞ்சு ஒளி மூச்சு விடுவதுபோல மங்கிப் பெருகுகிறதல்லவா? அது சார்ஜ் ஏறுகிறது என்பதற்கு மட்டுமே அடையாளம். கணினியோடு பேசுகிறது என்பதற்கு அல்ல. விளக்கு எரிகிறதே, கேபிள் நன்றாகத்தானே இருக்கிறது என்று எல்லோரும் நினைக்கிறார்கள். கடைக்காரருக்கு இது தெரியும், ஆனால் சொல்ல மாட்டார்.

எனக்குக் கோபம் வரும் இடம் இதுதான். அந்தக் கேபிளின் அட்டையை எடுத்துப் பாருங்கள். அதிகபட்ச விலை இருக்கும், தயாரித்த மாதம் இருக்கும், ‘வேக சார்ஜிங்’ என்று பெரிய எழுத்தில் இருக்கும். உள்ளே இருப்பது இரண்டு கம்பியா நான்கு கம்பியா என்று மட்டும் இருக்காது. வாங்குகிறவருக்குத் தெரிய வேண்டிய ஒரே விவரம் அதுதான். அதை அச்சிட வைப்பதற்கு இத்தனை ஆண்டுகளில் யாருக்கும் தோன்றவில்லை.

சோதித்துப் பார்க்கக் காசு தேவையில்லை. உங்கள் பேடில் இருப்பது மைக்ரோ யுஎஸ்பி துளை. வீட்டில் அதே துளையுள்ள பழைய ஆண்ட்ராய்டு கைப்பேசி ஒன்று எங்காவது அலமாரியில் கிடக்கும். அதே கேபிளால் அந்தக் கைப்பேசியைக் கணினியோடு இணையுங்கள். கைப்பேசியின் திரையில் கோப்புகளை மாற்றவா என்று கேட்கும் வாய்ப்பு வந்து, கணினியில் படங்கள் தெரிந்தால் கேபிள் முழுமையானது. சார்ஜ் மட்டும் ஏறினால் அதைத் தனியே எடுத்து வைத்துவிட்டு, பழைய கைப்பேசியின் பெட்டியோடு வந்த கேபிளைத் தேடுங்கள். எதுவும் கிடைக்காவிட்டால் கடையில் ‘டேட்டா கேபிள்’ என்று வாய்திறந்து கேட்டு, அங்கேயே ஒரு கைப்பேசியைக் கணினியில் இணைத்துக் காட்டச் சொல்லி வாங்குங்கள். மறுத்தால் அடுத்த கடைக்குப் போங்கள்.

மதர்போர்டு பயத்தையும் இப்போதே தீர்த்துவிடலாம். பேடைச் செருகிய அதே துளையில் ஒரு பென் டிரைவைச் செருகுங்கள். அது திறந்தால் துளையும் போர்டும் நலம். அரை நிமிடச் சோதனை இது. இதைச் செய்யாமலேயே போர்டைக் கழற்றப் பார்க்கிறவரிடம் கணினியை விட்டுவிட்டு வராதீர்கள்.

அடுத்தது அந்த 1,500 ரூபாய் ‘ஒரிஜினல் டிரைவர்’. டிரைவர் என்பது ஒரு கருவியைக் கணினி அடையாளம் கண்டு இயக்க உதவும் மென்பொருள். விண்டோஸ் 10, 11 இரண்டிலும் பிளேஸ்டேஷன் 4 பேடை அடையாளம் காணத் தேவையானது ஏற்கெனவே இருக்கிறது. நல்ல கேபிளில் செருகினால் கணினி ‘டிங்’ என்று ஓசை எழுப்பும். கீழே உள்ள தேடல் பெட்டியில் ‘கேம் கன்ட்ரோலர்’ என்று ஆங்கிலத்தில் தட்டினால், யுஎஸ்பி கேம் கன்ட்ரோலர்களை அமைக்கும் சிறு சாளரம் கிடைக்கும். அதில் ‘வயர்லெஸ் கன்ட்ரோலர்’ என்ற பெயர் தெரிய வேண்டும். கம்பியில் இணைத்திருந்தாலும் அந்தப் பேடின் பெயர் அதுவேதான், குழம்ப வேண்டாம். ‘ப்ராப்பர்டீஸ்’ அழுத்தினால் ஒரு கட்டத்துக்குள் சிறு கூட்டல் குறி தெரியும். இடது குச்சியை அசைத்தால் அதுவும் அசையும், பொத்தான்களை அழுத்தினால் எண்கள் ஒளிரும். இந்த அளவுக்கு வந்துவிட்டால் வன்பொருள் வேலை முடிந்தது. கைவிட்ட பிறகும் கூட்டல் குறி நடுவில் நிற்காமல் ஒரு பக்கம் ஒதுங்கினால் குச்சி தேய்ந்திருக்கிறது, அதைத் தனியாகப் பார்க்கலாம்.

இணையத்தில் ‘பிஎஸ்4 டிரைவர் பதிவிறக்கம்’ என்று தேடினால் பச்சை நிறத்தில் பெரிய பொத்தான்களோடு பல பக்கங்கள் வரும். உங்கள் மகனிடம் கண்டிப்பாகச் சொல்லுங்கள்: எதையும் அழுத்தக் கூடாது. பேடுக்கு டிரைவர் தேடப் போய், தேடல் பக்கமே மாறி, திரை முழுக்க விளம்பரம் முளைத்த கணினிகளை நான் சுத்தம் செய்திருக்கிறேன். தவணை முடியாத கணினிக்கு அந்தக் கதி வரக் கூடாது.

இனி ஒரு விஷயம் மிச்சம் இருக்கிறது. சிறு சாளரத்தில் பொத்தான்கள் ஒளிர்ந்தாலும் விளையாட்டுக்குள் பேடு அசையாமல் போகலாம். இது மொழிப் பிரச்சினை. நம் களியக்காவிளைச் சந்தையில் மீன் வாங்க வருகிறவர் தமிழில் கேட்டாலும் மலையாளத்தில் கேட்டாலும் விற்கிறவர் புரிந்துகொள்வார். கணினி விளையாட்டுகளுக்கு அந்தப் பழக்கம் இல்லை. 2005-இல் எக்ஸ்பாக்ஸ் 360 என்ற தன் விளையாட்டுக் கருவி வந்தபோது மைக்ரோசாப்ட் அதன் பேடுக்கென்று ஒரு மொழியைக் கொண்டுவந்தது. அதற்குப் பின் வந்த கணினி விளையாட்டுகளில் பல அந்த எக்ஸ்பாக்ஸ் மொழி ஒன்றையே கேட்கும். உங்கள் மகன் கையில் இருப்பது சோனியின் பேடு. ஆகவே நடுவில் மொழிபெயர்க்க ஒருவர் வேண்டும்.

அந்த வேலையை, கணினி விளையாட்டுகளை விற்கும் ஸ்டீம் என்ற இலவச மென்பொருள் செய்கிறது. 2016 இறுதியிலிருந்து பிளேஸ்டேஷன் 4 பேடை அது ஏற்கிறது. அதன் சொந்த இணையதளத்திலிருந்து மட்டும் இறக்கி, கணக்குத் தொடங்கி, செட்டிங்ஸில் ‘கன்ட்ரோலர்’ பகுதிக்குப் போய் பிளேஸ்டேஷன் கன்ட்ரோலர் ஆதரவை இயக்கினால் போதும். விளையாட்டை வேறு இடத்தில் வாங்கியிருந்தாலும் கவலை இல்லை. ‘கேம்ஸ்’ பட்டியலில் ஸ்டீமில் இல்லாத விளையாட்டைச் சேர்க்கும் வழி இருக்கிறது. அதில் சேர்த்து ஸ்டீம் வழியாகவே திறக்க வேண்டும். டிஎஸ்4விண்டோஸ் என்று இன்னொரு மென்பொருளும் உண்டு, அதுவும் இலவசம்தான். அதற்கும் காசு கேட்கிறவர்கள் இருக்கிறார்கள். இரண்டையும் ஒரே நேரத்தில் ஓட விடாதீர்கள். ஒரு முறை அழுத்தியது இரண்டு முறையாகப் பதிந்து, பட்டியலில் ஒன்றைத் தாண்டி ஒன்றுக்குக் குதிக்கும்.

‘கேபிளை மாற்று’ என்ற என் பாட்டு பலிக்காத ஒரு பேடு உண்டு. உங்களுடையது அதுவல்ல. ஆனாலும் மகனின் நண்பர்கள் யாராவது வாங்கிவிடக் கூடாது என்பதற்காகச் சொல்கிறேன். எக்ஸ்பாக்ஸ் 360-இன் கம்பியில்லாப் பேடு அது. பழைய பொருள் விற்கும் கடைகளில் மலிவாகக் கிடைக்கிறது. முதுகில் இரண்டு பென்சில் பேட்டரி போடும் பெட்டி இருக்கும். முன்பக்கம் ஒரு கேபிள் செருகும் இடமும் இருக்கும். அதற்கென்று மைக்ரோசாப்டே ஒரு கேபிள் விற்றது, ‘பிளே அண்ட் சார்ஜ்’ என்று பெயர். விளையாடு, சார்ஜ் செய் என்று பெயரிலேயே சொல்லியிருப்பதால், கணினியில் செருகினால் விளையாடலாம் என்று யாரும் நம்புவார்கள். அந்தக் கேபிள் சார்ஜ் மட்டுமே செய்யும். பொத்தான் அழுத்தும் செய்தி அதில் போகாது. நான்கு கம்பி கேபிள் தேடினாலும் பயனில்லை, அசல் கேபிளானாலும் பயனில்லை. அந்தப் பேடு தனக்கே உரிய வானொலி அலையில்தான் பேசும், புளூடூத்தும் அதற்குத் தெரியாது. குழித்துறையிலிருந்து வந்த ஒரு கல்லூரி மாணவர் இதற்காக மூன்று கேபிளும் ஒரு புளூடூத் கருவியும் வாங்கிய பிறகு என்னிடம் வந்தார். அவருக்குத் தேவைப்பட்டது விண்டோஸுக்கான எக்ஸ்பாக்ஸ் 360 வயர்லெஸ் ரிசீவர், உள்ளங்கையில் அடங்கும் ஒரு வட்டு. இப்போது சந்தையில் கிடைப்பவற்றில் நகல்களே அதிகம். நகலைச் செருகினால் விண்டோஸ் தானாக அடையாளம் காணாமல் போகலாம். அப்போது, கணினியில் இணைத்த கருவிகளைப் பட்டியலிடும் விண்டோஸின் டிவைஸ் மேனேஜரில் போய், எக்ஸ்பாக்ஸ் 360 சாதனங்கள் என்ற பட்டியலிலிருந்து ரிசீவரைக் கையால் தேர்ந்தெடுக்க வேண்டும். அதற்கும் தனி டிரைவர் என்று யாரும் காசு கேட்க வேண்டியதில்லை. அதே 360-இன் நிரந்தரமாகக் கம்பி பொருத்திய பேடு செருகியவுடன் வேலை செய்யும். வாங்கும் முன் முதுகைத் திருப்பிப் பாருங்கள்.

புளூடூத் கருவிக்கு 900 ரூபாய் என்பதைப் பற்றி: கம்பியிலேயே விளையாட முடிகிறபோது அது தேவையே இல்லை. பிற்பாடு ஆசைப்பட்டால் வாங்கிக்கொள்ளலாம். மடிக்கணினியானால் பெரும்பாலும் உள்ளேயே இருக்கும். பேடில் ‘ஷேர்’ பொத்தானையும் நடுவில் உள்ள ‘பிஎஸ்’ பொத்தானையும் சேர்த்து, விளக்கு இரட்டை இரட்டையாக வேகமாக மின்னும் வரை அழுத்திப் பிடித்துவிட்டு, கணினியின் புளூடூத் பட்டியலில் தேட வேண்டும். வெறும் ‘பிஎஸ்’ பொத்தானை மட்டும் அழுத்தினால் அது தம்பியின் பழைய பிளேஸ்டேஷனைத்தான் தேடிக்கொண்டிருக்கும். விரல்நகம் அளவுள்ள மிக மலிவான புளூடூத் கருவிகளில் போலிச் சில்லுகள் நிறைய. எடுத்தவுடன் வேலை செய்யும், விளையாட்டின் நடுவில் அறுந்துபோகும். பிறகு பேடு கெட்டுவிட்டது என்பார்கள்.

வெளிநாட்டிலிருந்து வந்த பேடு என்பதால் இங்கே உத்தரவாதம் எதிர்பார்க்க முடியாது. ஆனால் இங்கே கொடுக்கும் ஒவ்வொரு ரூபாய்க்கும் ரசீது கேட்கலாம். கடை கேரளத்தில் இருக்கிறது, நாம் தமிழ்நாட்டில் இருக்கிறோம், வழக்குக்கு திருவனந்தபுரத்துக்கு அலைய வேண்டுமே என்று நம் ஊரில் பலர் வாய்மூடிப் போகிறார்கள். 2019-ஆம் ஆண்டு நுகர்வோர் பாதுகாப்புச் சட்டப்படி, புகார் செய்பவர் தாம் வசிக்கும் மாவட்டத்தின் நுகர்வோர் ஆணையத்திலேயே புகார் கொடுக்கலாம். உங்களுக்கு அது நாகர்கோவில். அதற்கு முன் 1915 என்ற தேசிய நுகர்வோர் உதவி எண்ணில் அழைத்துச் சொல்லலாம். இந்த உரிமையைக் கடைகளின் கல்லாப்பெட்டிக்கு மேலே எழுதி ஒட்டவைத்திருக்க வேண்டும். எந்த அதிகாரியும் செய்யவில்லை. ரசீது இல்லாவிட்டால் இதெல்லாம் சிரமம், அதனால் ரசீதை விடாதீர்கள்.

நல்ல கேபிள் போட்டும், பென் டிரைவ் திறந்தும், அந்தச் சிறு சாளரத்தில் பேடின் பெயர் வரவே இல்லை என்றால்தான் பேடைச் சந்தேகிக்க வேண்டும். கேபிளைச் செருகி மெல்ல அசைத்தால் விளக்கு அணைந்து அணைந்து எரிகிறதா என்று பாருங்கள். அப்படியானால் துளை தளர்ந்திருக்கிறது. இந்தப் பேடில் சார்ஜ் துளை ஒரு சிறு தனிப் பலகையில் இருக்கிறது, பட்டையான ரிப்பன் கேபிளால் முதன்மைப் பலகையோடு சேர்கிறது. ஈயம் வைக்காமலேயே அதை மாற்றலாம். அந்தப் பலகையில் பல வகைகள் உண்டு, ரிப்பனின் அகலமும் மாறும். ஆகவே பேடைத் திறந்து ஒப்பிடாமல் இணையத்தில் வாங்க வேண்டாம். அந்த நிலை வந்தால் பேடையும் நீங்கள் பயன்படுத்திய கேபிளையும் மட்டும் கொண்டுவாருங்கள். கணினி வீட்டிலேயே இருக்கட்டும்.