தண்ணீர் வற்றட்டும், அப்புறம் முட்டை: வாசகர் கேள்வி பதில்

காய் கலந்த இத்தாலிய ஆம்லெட்டான ஃப்ரிட்டாட்டாவைப் பணியாரக் கல்லில் குட்டிக் குட்டியாகச் சுடுகிறேன். உப்பி வந்து உடனே அமுங்கிவிடுகிறது, அடியில் தண்ணீர் கசிகிறது, கல்லிலும் ஒட்டுகிறது. என்ன தவறு? (வாசகி, திருப்பூர்)

அமுங்குவது தவறே இல்லை. உள்ளே இருக்கும் நீராவி சூட்டில் விரியும், ஆறினால் சுருங்கும். நுரை பொங்க அடித்தால் இன்னும் அதிகமாக அமுங்கும். வெள்ளையும் மஞ்சளும் கலந்தால் போதும், முள்கரண்டியால் இருபது சுற்று.

கசிவதுதான் கோளாறு, அது காயிலிருந்து வருகிறது. 4 முட்டைக்குப் பொடியாக நறுக்கிய கேரட், பீன்ஸ், குடைமிளகாய் எல்லாம் சேர்த்து ஒரு கப், சின்ன வெங்காயம் எட்டு. தக்காளி போடுவதானால் விதையை வழித்துவிட்டு சதையை மட்டும் போடுங்கள். இரண்டு டீஸ்பூன் எண்ணெயில், நல்ல தீயில், கால் டீஸ்பூன் உப்பை முதலிலேயே போட்டு வதக்குங்கள். உப்பு பட்டதும் காய் தண்ணீர் விடும், அந்தத் தண்ணீர் வாணலியிலேயே வற்றிவிடும். உப்பு முழுவதையும் முட்டையில் போட்டால், காய் தண்ணீர் விடுவது பணியாரத்துக்குள்ளே நடக்கும். சளசளப்பு அடங்கி எண்ணெய் பொரியும் சத்தம் மட்டும் கேட்டால் இறக்கலாம். ஆறவிட்டுக் கலக்குங்கள். சூடாகக் கொட்டினால் முட்டை திரிந்து கட்டிதட்டும்.

கலவையில் இன்னொரு கால் டீஸ்பூன் உப்பு, மிளகுத்தூள், இரண்டு டேபிள்ஸ்பூன் இட்லி மாவு. மாவில் உள்ள ஸ்டார்ச், முட்டைப் புரதம் இறுகித் தண்ணீரைப் பிழிந்து தள்ளாமல் தடுக்கும். மாவு கூடினால் அது வெறும் முட்டைப் பணியாரம்.

கல் நன்றாகக் காய்ந்த பிறகு குழிக்குக் கால் டீஸ்பூன் எண்ணெய் விட்டு, தீயைக் குறைத்து, முக்கால் குழி ஊற்றி மூடுங்கள். மூன்று நிமிடம் கழித்து ஓரம் தானாக விட்டுக்கொடுக்கும், அதற்குமுன் குச்சியால் நோண்டினால்தான் பிய்கிறது. திருப்பிப் போட்டு ஒரு நிமிடம். ஏறக்குறைய 12 வரும். ஆறு சாப்பிட்டால் இரண்டு முட்டை, சுமார் 12 கிராம் புரதம்.

தக்காளிக் குழம்பில் முட்டையை உடைத்து ஊற்றி வேகவைக்கும் துனிசியாவின் ஷக்‌ஷூகாவை நம் தக்காளித் தொக்கில் செய்யலாமா? எனக்கு மஞ்சள் கரு கல்லாகிறது, வெள்ளை வழவழவென்று நிற்கிறது. (வாசகர், காரைக்குடி)

செய்யலாம். பூண்டும் சீரகமும் இரண்டு ஊருக்கும் பொது. குடைமிளகாயை விடாதீர்கள், அந்த இனிப்புதான் ஷக்‌ஷூகாவின் அடையாளம். சாம்பார் பொடி மட்டும் வேண்டாம், போட்டால் முட்டைச் சாம்பார் ஆகிவிடும். புளியும் தேவையில்லை.

இரண்டு பேருக்கு அரைக் கிலோ தக்காளி, 4 முட்டை. தொக்கின் நடுவே கரண்டியால் கோடு இழுத்தால் அது உடனே மூடிக்கொள்ளக் கூடாது. தளர்ந்த தொக்கில் வெள்ளை பரவிக் கரைந்துபோகும். குழி பறித்து, முட்டையைச் சிறு கிண்ணத்தில் உடைத்துச் சரியுங்கள். கருவைத் தொடாமல் வெள்ளையை மட்டும் கரண்டி நுனியால் தொக்கோடு இரண்டு இழுப்பு இழுத்துவிடுங்கள். வெள்ளை முன்னதாக வேக இதுதான் வழி. மூடி போட்டு, சிறு தீயில் நான்கைந்து நிமிடம். கருவைச் சுற்றி வெள்ளை லேசாக ஆடும்போதே அடுப்பை அணையுங்கள், மிச்சத்தைத் தொக்கின் சூடு பார்த்துக்கொள்ளும். மண்சட்டி சூட்டை விடாது, அரை நிமிடம் முன்னதாகவே அணைக்க வேண்டும். இரும்புச் சட்டியில் தக்காளிப் புளிப்பு இரும்பு வாடையை இழுக்கும். ரொட்டிக்குப் பதில் கல்தோசை நன்றாகவே பொருந்தும்.

ஃப்ரிட்டாட்டாவில் பாலக் கீரைக்குப் பதில் முருங்கைக்கீரை போடலாமா? (வாசகி, மதுரை)

தாராளமாக. ஆனால் பச்சையாக முட்டையில் போட்டால் நார்போல் மெல்ல வேண்டியிருக்கும். காம்பை உருவிவிட்டு, எண்ணெயில் வதக்கி, தண்ணீர் தெளித்து மூடி, மூன்று நிமிடம் வேகவிட்டு வற்றியபின் சேர்க்கவும்.

இவற்றைக் குழந்தைக்கு டிபன் பாக்ஸில் கொடுக்கலாமா? (வாசகி, சேலம்)

பணியாரம் கொடுக்கலாம், அதுவும் காலை இடைவேளைக்கு. சூட்டோடு மூடினால் ஆவி வியர்த்து நொசநொசத்துவிடும், ஆறவிட்டு அடையுங்கள். மதியம் ஒரு மணிவரை வெயில் காலத்தில் வெளியே வைத்திருப்பது சரியல்ல. காயை மட்டும் முந்தின இரவே வதக்கி ஃப்ரிட்ஜில் வைத்தால் காலை வேலை பத்து நிமிடம்தான்.