கால்கள் ஏறிவிடும், மூச்சுக்கு நாள் கொடுங்கள்

கேள்வி: தண்டையார்பேட்டையில் இருக்கிறேன், வயது 47, பள்ளி ஆசிரியை. கணவருக்கு 52. துறைமுகத்தில் வேலை, மூன்று வருடமாகச் சர்க்கரைக்கு மாத்திரை எடுக்கிறார். அலிபிரி வழியாகத் திருமலைக்கு இரண்டு முறை நடந்து ஏறியிருக்கிறோம், பெரிய சிரமம் தெரியவில்லை. இமயமலையில் கிராமங்கள் வழியாக ஐந்தாறு நாள் கைடு வைத்து நடக்க வேண்டும் என்று ரொம்ப நாள் ஆசை. 'மாடரேட்' என்று போட்டிருக்கும் ட்ரெக் எங்களுக்குச் சரிவருமா? எங்கே, எப்போது போகலாம்? யாரை நம்பிப் போவது?

பதில்: 3,550 படியை இரண்டு தடவை ஏறியவர்களுக்குக் காலைப் பற்றி நான் பாடம் எடுக்க வேண்டியதில்லை. உங்கள் கால்கள் ஏறிவிடும். ஆனால் திருமலையே சுமார் 3,000 அடிதான். கடல் மட்டத்தில் பிறந்து வளர்ந்த நமக்கு இமயமலையில் வரும் சிக்கல் வேறு இடத்தில் இருக்கிறது.

'மாடரேட்' என்ற சொல்லை ட்ரெக் நடத்துபவர்கள் பெரும்பாலும் நடக்கும் மணிநேரத்தையும் ஏற்றத்தையும் வைத்துத்தான் போடுகிறார்கள். நீங்கள் கேட்க வேண்டியது இன்னொன்று: ஒவ்வொரு இரவும் எத்தனை அடி உயரத்தில் படுக்கப் போகிறோம்? பகலில் ஏறி இறங்குவதை உடம்பு ஓரளவு பொறுத்துக்கொள்ளும். உயரத்தில் படுத்துத் தூங்கும்போதுதான் கணக்குக் கேட்கும். பொதுவான விதி இதுதான்: 10,000 அடியைத் தாண்டிய பிறகு, முந்தைய இரவு படுத்த இடத்தைவிட அடுத்த இரவு படுக்கும் இடம் 1,600 அடிக்கு மேல் உயரக் கூடாது. மூன்று நான்கு நாளுக்கு ஒருமுறை ஏறாமல் ஒரு நாள் தங்க வேண்டும்.

காற்றில் ஆக்சிஜன் எங்கேயும் 21 சதவீதம்தான். உயரப் போகப் போகக் காற்றழுத்தம் குறைகிறது. 11,700 அடியில் நீங்கள் இழுக்கும் ஒரு மூச்சில் கிடைப்பது, தண்டையார்பேட்டையில் கிடைப்பதில் ஏறக்குறைய மூன்றில் இரண்டு பங்குதான். ரத்தம் அதற்குப் பழகச் சில நாள் ஆகும். ஜிம்முக்குப் போனாலும் ஆகும், போகாவிட்டாலும் ஆகும். நல்ல உடற்கட்டு உள்ள 25 வயதுப் பையன்தான் வேகமாக ஏறிப் போய் முதலில் படுத்துவிடுவான். உங்கள் வயது இந்த விஷயத்தில் ஒரு குறையே இல்லை, நிதானமாக நடப்பீர்கள்.

உங்களுக்கு நான் சொல்லும் பாதை ஹர் கி தூன். உத்தராகண்டில் உத்தரகாசி மாவட்டம், கோவிந்த் தேசியப் பூங்காவுக்குள் இருக்கும் பள்ளத்தாக்கு. டேராடூனிலிருந்து மசூரி, புரோலா, மோரி, நைட்வார் வழியாகச் சாங்க்ரி என்ற ஊருக்கு ஒரு பகல் முழுக்க ஜீப் பயணம். சாங்க்ரி 6,400 அடி. அங்கிருந்து தாலுகா என்ற ஊர் வரை ஜீப் போகும். அதற்கப்புறம் நடைதான். ஆற்றோரமாகவே நடந்து கங்காட், ஒஸ்லா என்ற கிராமங்களைக் கடந்து 11,700 அடியில் இருக்கும் ஹர் கி தூன் புல்வெளிக்குப் போகிறோம். தேவதாரு மரத்தில் செதுக்கிய வீடுகள், கீழே ஆடு மாடு, மேலே மனிதர்கள். சாங்க்ரியிலேயே தொடங்கும் கேதார்காந்தாவைப் பலரும் சிபாரிசு செய்வார்கள். அது விடியற்காலையில் உச்சிக்கு அடித்துப் பிடித்து ஏறுகிற ட்ரெக், வழியில் கிராமம் இல்லை. நீங்கள் கேட்டது அதுவல்ல.

ஒஸ்லா சுமார் 8,500 அடி. தமிழ்நாட்டின் உச்சியான தொட்டபெட்டா 8,650 அடி. நம் ஊரில் ஏறி முடித்து ஃபோட்டோ எடுத்துக்கொண்டு இறங்கும் உயரத்தில்தான் அங்கே குழந்தைகள் பள்ளிக்கூடம் போகிறார்கள். இந்த ஒப்பீட்டை மனதில் வைத்துக்கொண்டால் திட்டம் போடுவது சுலபம்.

பல பேக்கேஜ்களில் ஒஸ்லா பக்கம் ஒரே ஓர் இரவு, அடுத்த நாள் நேராக மேலே என்று இருக்கும். 8,500 அடியில் படுத்தவர் மறுநாள் 11,700 அடியில் படுத்தால் ஒரே நாளில் 3,200 அடி. முன்னால் சொன்ன விதிக்கு இது ஒத்துவராது. நீங்கள் இப்படிக் கேளுங்கள்: ஒஸ்லாவில் இரண்டு இரவு. இடையில் உள்ள நாளில் ஊருக்கு மேலே ஆயிரம் அடி ஏறிப் பார்த்துவிட்டு ஊருக்கே திரும்பித் தூங்குவது. அடுத்த இரவு 10,000 அடி வாக்கில் டென்ட். அதற்கடுத்த நாள் கையில் தண்ணீரும் மதியச் சாப்பாடும் மட்டும் எடுத்துக்கொண்டு ஹர் கி தூனுக்குப் போய், மாலைக்குள் டென்ட்டுக்குத் திரும்புவது. மேலே படுக்கவே வேண்டாம். இதனால் ஒரு நாள் கூடும், அதற்கான பணமும் கூடும். விலை உயர்ந்த ஜாக்கெட்டுக்கு வைத்திருக்கும் பணத்தை இந்த நாளுக்குக் கொடுங்கள் என்பேன். ஜாக்கெட்டை வாடகைக்கு எடுத்துக்கொள்ளலாம்.

ஒஸ்லாவில் கூடுதலாக ஒரு நாள் உட்கார்ந்திருப்பது வீணும் இல்லை. பள்ளத்தாக்கின் தலைமாட்டில் நிற்கும் சிகரத்தின் பெயர் சுவர்க்காரோகிணி, 6,252 மீட்டர். பாண்டவர்கள் சொர்க்கம் ஏறிய வழி என்பது ஐதீகம். அதே பக்கத்துக் கிராமங்களில் துரியோதனனைத் தங்கள் ஆளாகச் சொல்லும் கதைகளும் உண்டு. நம் திரௌபதி அம்மன் திருவிழாவில் படுகளத்தன்று மண்ணில் மல்லாக்கப் படுக்க வைத்துத் தொடையைப் பிளக்கிறோமே, அதே துரியோதனன். ஓய்வு நாளில் இந்தக் கதையைக் கேட்டு உட்காருங்கள். கோயில் பக்கம் போகும்போது மட்டும் கைடைக் கேட்காமல் படி ஏற வேண்டாம், எதையும் தொடவும் வேண்டாம்.

எப்போது போவது என்பதற்கு இரண்டு காலம் உண்டு. ஏப்ரல் கடைசியிலிருந்து ஜூன் தொடக்கம் வரை ஒன்று, செப்டம்பர் பின்பாதியிலிருந்து நவம்பர் தொடக்கம் வரை இன்னொன்று. ஜூலை, ஆகஸ்ட் பேச்சே வேண்டாம். மலை சரியும், சாலை போகும். வானம் தெளிவாக இருப்பது அக்டோபரில்தான், யாரைக் கேட்டாலும் அக்டோபர் என்பார்கள். ஆனால் வடசென்னைக்காரர்களுக்கு ஐப்பசி என்றால் வேறு நினைப்பு. வீட்டு வாசலில் தண்ணீர் ஏறியதா, மோட்டார் என்ன ஆனது என்று தெரியாமல், சிக்னல் இல்லாத பள்ளத்தாக்கில் ஐந்து நாள் நிம்மதியாக நடக்க முடியுமா? உங்களுக்குப் பள்ளி விடுமுறையும் மே மாதம்தான். கத்திரி வெயிலிலிருந்தும் தப்பிக்கலாம். மே மாதத்தில் ஒரே தொல்லை, யமுனோத்ரி யாத்திரை வண்டிகளோடு, வழியில் இருக்கும் நௌகாவ் என்ற ஊர் வரை நீங்களும் ஊர்ந்து போக வேண்டும். அதனால் டேராடூனிலிருந்து விடியற்காலையிலேயே கிளம்பிவிடுங்கள். வளைவுகளில் வாந்தி வரலாம். அது உயரத்தால் வருவது இல்லை, பயப்பட வேண்டாம்.

உயரத்தால் வருவது எப்படி இருக்கும் என்றால், தலைவலியோடு குமட்டல், சாப்பாடு பிடிக்காமை, தலைசுற்றல், தூக்கமின்மை. இது வந்தால் அன்று அதற்கு மேல் ஏறக் கூடாது. குறையவில்லை என்றால் இறங்க வேண்டும். சும்மா உட்கார்ந்திருக்கும்போதே மூச்சு வாங்கினாலோ, நேர்கோட்டில் ஒரு காலின் விரல் நுனியை ஒட்டி அடுத்த காலின் குதிகாலை வைத்து நடக்கச் சொன்னால் தள்ளாடினாலோ, பேச்சுக் குழறினாலோ இரவு என்றும் பார்க்காமல் உடனே கீழே கொண்டு போக வேண்டும். ஆக்சிஜன் சிலிண்டரும் மருந்தும் இறங்கும் வரை உதவும், அவ்வளவுதான்.

நான் முதல் முறை போனபோது 12,000 அடியில் தலைவலியை மறைத்தேன். இவ்வளவு செலவு பண்ணி வந்தோம், கைடு திருப்பி அனுப்பிவிடுவானோ என்ற பயம். ஒரு பாராசிட்டமால் போட்டுக்கொண்டு சிரித்த முகத்தோடு இருந்தேன். மறுநாள் காலையில் ஷூ லேஸ் கட்டத் தெரியாமல் உட்கார்ந்திருந்தவனைப் பார்த்து அந்தக் கைடே கண்டுபிடித்து, தோளில் கை போட்டுக் கீழே கூட்டி வந்தான். எனக்கு அப்போது இந்தி வராது. உங்களுக்கும் வராது என்றால் ஒரே ஒரு வாக்கியத்தையாவது பாடம் பண்ணிக்கொள்ளுங்கள்: சிர் மே தர்த் ஹை. தலை வலிக்கிறது.

அசிட்டசோலமைடு என்ற மாத்திரை உடம்பு பழகுவதை விரைவுபடுத்தும். கடைக்காரர் கொடுக்கிறார் என்று வாங்கிப் போட வேண்டாம். சல்ஃபா மருந்து ஒவ்வாமை உள்ளவர்களுக்கு ஆபத்து. விரல் நுனி மரமரக்கும், அடிக்கடி சிறுநீர் போகும். உங்கள் டாக்டர் எழுதிக் கொடுத்தால் போடுங்கள். தூக்க மாத்திரையும் மதுவும் மேலே அறவே கூடாது.

உங்கள் கணவர் விஷயத்தைத் தனியாகச் சொல்ல வேண்டும். சர்க்கரை இருப்பதாலேயே போகக் கூடாது என்று இல்லை. ஆனால் தினமும் ஆறு மணி நேரம் நடந்தால் சர்க்கரை இறங்கும். கிளிமிபிரைடு வகை மாத்திரை எடுப்பவராக இருந்தால் இன்னும் சட்டென்று இறங்கும். நடக்கும் நாட்களில் அளவை மாற்ற வேண்டுமா என்று அவருடைய டாக்டரிடம் இரண்டு மாதம் முன்பே கேளுங்கள். இதயப் பரிசோதனையும் சேர்த்துச் செய்துவிடலாம். குளிரில் குளுக்கோமீட்டர் தப்பாகக் காட்டும், சட்டைக்குள் உடம்புச் சூட்டில் வைத்திருக்க வேண்டும். கால் விரல்களைத் தினமும் டார்ச் அடித்துப் பார்ப்பது உங்கள் பொறுப்பு, அவர் பார்க்க மாட்டார். பேரீச்சை, கடலை மிட்டாய் எப்போதும் அவர் பாக்கெட்டிலேயே இருக்கட்டும், முதுகுப் பைக்குள் வேண்டாம்.

பயிற்சிக்கு மூன்று மாதம் போதும். நம் பக்கம் மலைக்குப் பஞ்சம். திருவொற்றியூர் கரையில் மணலில் நடக்கலாம் என்று சொல்லலாம்தான், கடலரிப்புக்குக் கல்லைக் கொட்டிய பிறகு மணல் எங்கே இருக்கிறது? பரவாயில்லை. வாரத்தில் நான்கு நாள் வேக நடை, 5 கிலோமீட்டரை 45 நிமிடத்துக்குள் முடிக்கும் அளவுக்கு வந்தால் போதும். இரண்டு நாள் நான்கு மாடிக் குடியிருப்பு எதிலாவது பத்துத் தடவை ஏறி இறங்குங்கள். கடைசி ஒரு மாதம் ஐந்து கிலோ அரிசிப் பையை முதுகில் போட்டுக்கொண்டு. ஞாயிற்றுக்கிழமைகளில் ரயிலேறித் திருத்தணிக்குப் போய்விடுங்கள். 365 படி, ஒரே காலையில் மூன்று முறை. திருமலையில் ஏறினீர்கள் என்று எழுதியிருக்கிறீர்கள், இறங்கியது பஸ்ஸில்தானே? இமயத்தில் முழங்காலை வாங்குவது இறக்கம்தான். அதனால் இறங்குவதையும் பழகுங்கள். நடைக்கோல் இரண்டு வாங்குவது வீண் செலவு இல்லை.

யாரை நம்புவது? 2018 மார்ச்சில் குரங்கணி காட்டுத் தீயில் 23 பேர் இறந்ததை நாம் மறக்க முடியாது, சென்னையிலிருந்து போன குழுவும் அதில் இருந்தது. 2024 ஜூனில் உத்தராகண்டின் சகஸ்திர தால் பாதையில் பனிப்புயலில் மாட்டிக் கர்நாடகத்திலிருந்து போன குழுவில் 9 பேர் இறந்தார்கள். அதனால் பணம் கட்டும் முன் ஃபோனில் கூச்சப்படாமல் கேளுங்கள். இரவு வாரியாகப் படுக்கும் உயரத்தை எழுதித் தருவீர்களா? கூட வரும் கைடு மலையேற்றப் பயிற்சி எங்கே எடுத்தார், முதலுதவிப் பயிற்சி உண்டா? உத்தரகாசியிலேயே 1965 முதல் நேரு மலையேற்றப் பயிற்சி நிறுவனம் நடக்கிறது, அங்கே படித்தவர்கள் அந்தப் பக்கம் நிறையவே கிடைப்பார்கள். ஒருவருக்கு முடியாமல் போனால் அவரோடு யார் இறங்குவார், மற்றவர்களோடு யார் இருப்பார்? வனத்துறை அனுமதிச் சீட்டு யார் பெயரில் எடுக்கப்படும்? கடைசிக் கேள்விதான் என் சோதனை: "போன சீசனில் யாரையாவது பாதியில் இறக்கினீர்களா?" இறக்கினோம், இன்ன காரணத்துக்காக என்று சொல்பவரோடு போகலாம். "நம்மகிட்ட அப்படி எதுவுமே நடந்ததில்லை மேடம், நூறு பர்சன்ட் சேஃப்" என்பவருக்கு நன்றி சொல்லிவிட்டு ஃபோனை வைத்துவிடுங்கள்.

செலவில், பேக்கேஜ் தொகையை மட்டும் பார்க்காதீர்கள். ரயில், டேராடூனில் தங்கல், சுமை தூக்கும் கோவேறு கழுதை, வாடகைச் சாமான், கைடுக்கும் சமையல்காரருக்கும் கொடுக்கும் அன்பளிப்பு எல்லாம் சேர்ந்தால் அதே அளவு இன்னொரு மடங்கு ஆகும் என்பது என் கைக்கணக்கு. பணத்தைப் புரோலாவிலேயே எடுத்துவிடுங்கள். வழக்கமான மருத்துவக் காப்பீட்டில் மலையேற்றம் பெரும்பாலும் சேராது, பாலிசியில் உயர வரம்பைப் படித்துப் பார்த்துத் தனியாக எடுங்கள்.

துணி விஷயத்தில் ஒன்றே ஒன்று: பருத்தி வேண்டாம். வியர்வையில் நனைந்த பனியன் உலராது, நின்றவுடன் நடுங்க வைக்கும். சாப்பாட்டுக்குப் பயம் வேண்டாம், புரோலா பக்கம் சிவப்பரிசி விளையும் நாடு. பருப்புப் பொடி ஒரு டப்பா போதும். ஞாபகத்துக்குச் சொல்கிறேன், காசிமேட்டுக் கருவாட்டை மட்டும் எடுத்துப் போக வேண்டாம். டென்ட்டில் பக்கத்தில் படுப்பவர்களையும் நினைக்க வேண்டும் இல்லையா?

விடுமுறையைக் கணக்குப் போட்டுக்கொள்ளுங்கள். சென்ட்ரலில் இரவு 10 மணிக்குத் தமிழ்நாடு எக்ஸ்பிரஸ் ஏறினால் மறுநாள் முழுக்க ஓடி, அதற்கடுத்த நாள் காலையில்தான் டெல்லி. ரயிலில் போக வர, டேராடூனிலிருந்து ஜீப்பும் நடையும் சேர்த்து எட்டு நாள், சாலை மூடினால் கைவசம் ஒரு நாள் என்று பார்த்தால் இரண்டு வாரம் ஆகும். ரயில் முன்பதிவு 60 நாள் முன்புதான் திறக்கும், அதுவரை காத்திருக்கலாம். ஷூவுக்குக் காத்திருக்க முடியாது. கணுக்காலை மூடும் ஷூவை, மாலையில் கால் சற்று வீங்கியிருக்கும் நேரத்தில், தடித்த காலுறை போட்டுப் பார்த்து, ஒரு சைஸ் கூடுதலாக இந்த வாரமே வாங்கிவிடுங்கள். பழகாத ஷூ இறக்கத்தில் கால் பெருவிரல் நகத்தைக் கறுக்க வைத்துவிடும். பள்ளிக்கே போட்டுக்கொண்டு போனாலும் பரவாயில்லை, பிள்ளைகள் இரண்டு நாள் சிரிப்பார்கள்.