ஈ.ஆர். டயகிராம் போட்டுப் பழகுறது எப்படி?

கேள்வி: டேட்டாபேஸ் பாடத்துல ஈ.ஆர். டயகிராம் படிச்சாச்சு, கட்டம், டைமண்ட், ஓவல் எல்லாம் தெரியும், ஆனா வெறும் பேப்பர எடுத்துட்டு உக்காந்தா எது என்டிட்டி எது அட்ரிப்யூட்னே பிடிபட மாட்டேங்குது. எப்படி பிராக்டிஸ் பண்றது? எந்த சாஃப்ட்வேர் நல்லது?

பதில்: சாஃப்ட்வேர் கடைசில. இப்போதைக்கு பென்சில் போதும். ஈ.ஆர். டயகிராம்னா டேட்டாபேஸ்ல எதைப் பத்தி விவரம் வைக்கிறோம், அதெல்லாம் எப்படி சேருதுனு காட்டுற படம்: விவரம் வைக்கிற ஆள் இல்ல பொருள் என்டிட்டி (கட்டம்), அதோட ஒவ்வொரு விவரமும் அட்ரிப்யூட் (ஓவல்), ரெண்டு என்டிட்டிக்கு நடுவுல உள்ள தொடர்பு டைமண்ட்.

லைப்ரரிய எடுத்துக்கோங்க, அரதப்பழசான உதாரணம்தான், ஆனா நெறைய பேர் சறுக்குறதே அங்கதான். மெம்பர் ஒரு கட்டம், புக் ஒரு கட்டம், நடுவுல "எடுக்கிறார்"னு ஒரு டைமண்ட், முடிஞ்சதுனு தோணும். இப்ப அந்தப் படத்துகிட்ட கேளுங்க: ஒரே புக்ல மூணு காப்பி இருக்கே, எது வெளிய போயிருக்கு? பதில் வராது. ஏன்னா தலைப்பும் ஆசிரியரும் புக்கோட விவரம், மெம்பர் கையில போறது காப்பி, ரெண்டும் தனித்தனி என்டிட்டி.

அடுத்து, எடுத்த தேதிய எங்க வைப்பீங்க? மெம்பர்ல வச்சா ஒருத்தர் ரெண்டு காப்பி எடுத்தா திண்டாட்டம், காப்பில வச்சா அடுத்த ஆள் எடுக்கும்போது பழைய தேதி அழிஞ்சிரும், அதனால அது அந்த டைமண்டோட அட்ரிப்யூட். ஒரு மெம்பர் பல காப்பி எடுப்பார், ஒரு காப்பி பல மெம்பர் கைக்குப் போகும், இப்படி ரெண்டு பக்கமும் "பல" வர்றதால டேபிளா மாத்தும்போது டைமண்டே தனி டேபிளாயிரும், மெம்பர் நம்பரும் காப்பி நம்பரும் அதுல ஃபாரின் கீ, அதாவது வேற டேபிள்ல இருக்கிற வரிய சுட்டுற நம்பர். அந்த ரெண்ட மட்டும் சேத்து பிரைமரி கீ (ஒவ்வொரு வரிக்கும் அடையாளம், ரெண்டு தடவ வரக்கூடாது) ஆக்கிட்டா அதே ஆள் அதே காப்பிய மறுபடி எடுக்கவே முடியாது! ஒவ்வொரு தடவைக்கும் தனியா ஒரு நம்பர் குடுத்துருங்க.

பிராக்டிஸ்னா இதுதாங்க, படத்த போட்டுட்டு அஞ்சாறு வரி டம்மி டேட்டா எழுதி அது எங்க உடையுதுனு தேடணும். ஒருத்தருக்கு ரெண்டு ஃபோன் நம்பர் இருந்தா? டபுள் ஓவல், டேபிளா மாத்தும்போது தனி டேபிளாப் போகும். வயசு? பிறந்த தேதி இருந்தா கணக்கு போட்டுக்கலாம், புள்ளிக்கோடு ஓவல். கைல கெடைக்கிற பில்லு, அப்ளிகேஷன் ஃபார்ம் எதையாவது எடுத்து அதுக்குப் பின்னாடி என்னென்ன டேபிள் இருக்கும்னு போட்டுப் பாக்கறதும் நல்ல பயிற்சி, பாடப்புத்தகக் கணக்கவிட எனக்கு இதுதான் பிடிக்கும்.

டைமண்ட் ஸ்டைல் பீட்டர் சென் 1976ல எழுதுன கட்டுரைலேருந்து வந்தது, யோசிக்க வசதி. வேலைல பெரும்பாலும் க்ரோஸ் ஃபுட்தான் (டைமண்ட் இல்லாம, "பல" பக்கத்துல கோட்டு முனை காக்கா கால் மாதிரி பிரியிற ஸ்டைல்) பாப்பீங்க, ரெண்டையும் ஒரே படத்துல கலக்காதீங்க.

சாஃப்ட்வேர் கேட்டீங்கல்ல, மைஎஸ்க்யூஎல் ஒர்க்பெஞ்ச் இலவசம், படத்துலேருந்தே டேபிள உருவாக்குற எஸ்க்யூஎல் கட்டளை வந்துரும். ஆனா ரெண்டு பக்கமும் "பல"னு கோடு இழுத்தா நடு டேபிள அதுவே போட்டுக் குடுத்துரும், அதனால கையால நாலஞ்சு படம் போட்ட அப்புறம் அந்தப் பக்கம் போங்க.