விளையாட்டு இயக்குநரின் பணி – கடிதமும் பதிலும்

அன்புள்ள ஆசிரியருக்கு,

அமெரிக்காவில் விளையாட்டு மேலாண்மையில் முதுகலை படிக்கிறேன். கல்லூரி நாள்களில் கைப்பந்து ஆடியவன். ஒரு பல்கலைக்கழகத்தின் அத்லெட்டிக் டைரக்டர், அதாவது விளையாட்டுத் துறை இயக்குநர், ஆகவேண்டும் என்பது என் நெடுநாள் விருப்பம். ஆனால் அப்பதவி இன்று நன்கொடையாளர்களுக்கும் வழக்கறிஞர்களுக்கும் நடுவே பணம் எண்ணும் வேலையாகிவிட்டது, விளையாட்டை நேசிப்பவனுக்கு அங்கே இடமில்லை என்கிறார் என் பேராசிரியர். உங்கள் கருத்தை அறிய விரும்புகிறேன்.

ம.

அன்புள்ள ம.,

உங்கள் பேராசிரியர் சொல்லும் நிலைமை உண்மைதான். அதிலிருந்து அவர் வந்தடையும் முடிவைத்தான் என்னால் ஏற்க முடியவில்லை.

ஒரு காலத்தில், வென்று புகழ்பெற்ற அமெரிக்கக் கால்பந்துப் பயிற்சியாளருக்கே இப்பதவி பெரும்பாலும் போய்ச் சேர்ந்தது. பிறகு பாதை மாறியது. 1973இல் தேசியப் பட்டம் வென்ற நோட்டர் டேம் பல்கலைக்கழகக் கால்பந்து அணியில் ஆடி, அங்கேயே துணைப் பயிற்சியாளராகி, ஐ.பி.எம். நிறுவனத்திலும் பணியாற்றிய ஜீன் ஸ்மித், ஈஸ்டர்ன் மிச்சிகன், அயோவா ஸ்டேட், அரிசோனா ஸ்டேட் ஆகிய பல்கலைக்கழகங்களின் வழியே படிப்படியாக ஏறி, 2005 முதல் 2024 வரை ஒஹாயோ ஸ்டேட்டின் இயக்குநராக இருந்தார். முப்பதுக்கும் மேற்பட்ட அணிகளைக் கொண்ட துறை அது. அரங்கை நிரப்பும் கால்பந்தின் வருவாயிலிருந்துதான் வாள்வீச்சு போன்ற ஆட்டங்களின் செலவு பெரும்பாலும் ஈடுசெய்யப்படுகிறது.

அந்த வருவாய்க்கு இப்போது புதிய உரிமையாளர்கள் வந்துவிட்டார்கள். வீரர்கள் தங்கள் பெயரையும் உருவத்தையும் கொண்டு பணம் ஈட்டலாம் என்று 2021இல் விதி மாறியது. 2025 ஜூனில் நீதிமன்றம் ஏற்றுக்கொண்ட, கல்லூரி வீரர்கள் தொடுத்த ‘ஹவுஸ்’ வழக்கின் உடன்பாட்டின்படி, ஒரு பல்கலைக்கழகம் 2025–26 கல்வியாண்டில் ஏறத்தாழ 2 கோடியே 5 லட்சம் டாலர் வரை வீரர்களுக்கு நேரடியாகவே தரலாம். உழைப்பவருக்கு ஊதியம் கிடைப்பது நியாயம். அதை நான் முழுமனதோடு வரவேற்கிறேன். ஆனால் அந்தத் தொகையை எந்த அணியின் செலவிலிருந்து எடுப்பது என்று முடிவுசெய்யும் மேசையில், கைப்பந்து ஆடியறிந்த ஒருவர் அமர்ந்திருப்பதும் இல்லாததும் ஒன்றல்ல.

ஸ்டான்ஃபோர்டு 2020 ஜூலையில் தன் 36 ஆட்டங்களில் 11ஐ நிறுத்தப்போவதாக அறிவித்தது. ஆண்கள் கைப்பந்தும் மல்யுத்தமும் அவற்றில் அடக்கம். மறு ஆண்டு மார்ச்சில் அதன் மல்யுத்த வீரர் ஒருவர் பல்கலைக்கழகத்தின் பெயரில்லாத வெறும் கறுப்பு உடையில் களமிறங்கித் தேசியப் பட்டம் வென்றார். முன்னாள் வீரர்களின் எதிர்ப்பும் வழக்குகளும் சேர, மே மாதத்தில் அந்த முடிவு கைவிடப்பட்டது. நிதிநிலை அறிக்கையில் வெறும் செலவாகத் தெரிந்த அணிகளுக்கு இத்தனை பேர் வாழ்வைக் கொடுத்திருக்கிறார்கள் என்பதை முன்பே உணர்ந்திருக்க வேண்டியது நிர்வாகத்தின் கடமை.

நீங்கள் ஆழ்ந்து படிக்கவேண்டியது ஜூடித் ஸ்வீட்டின் வாழ்வை என்பேன். கல்வியில் பாலினப் பாகுபாட்டைத் தடைசெய்த ‘டைட்டில் நைன்’ சட்டம் 1972இல் வந்தது. மூன்றே ஆண்டுகளில், ஆண் பெண் அணிகள் இரண்டும் சேர்ந்த ஒரு துறைக்கு இயக்குநராகிய முதல் பெண்களில் ஒருவராக அவர் சான் டியாகோவிலுள்ள கலிபோர்னியா பல்கலைக்கழகத்தில் பொறுப்பேற்றார். கல்லூரி விளையாட்டின் பிரிவுகளில், விளையாட்டுக்கென உதவித்தொகையே தராத மூன்றாம் பிரிவில் இருந்த அத்துறையின் பெண்கள் கைப்பந்து அணி அவர் காலத்தில் பலமுறை தேசியப் பட்டம் வென்றது. 1991இல், அமெரிக்கக் கல்லூரி விளையாட்டுகளை நிர்வகிக்கும் என்.சி.ஏ.ஏ. அமைப்பின் முதல் பெண் தலைவரும் ஆனார். பணம் குறைந்த இடத்தில் அதை நேர்மையாகப் பங்கிடுவது எப்படி என்பதற்கு இதைவிடத் தெளிவான சான்று எனக்குத் தெரியவில்லை.

ஆகவே நிதியையும் சட்டத்தையும் விலக்காமல் கற்றுக்கொள்ளுங்கள். முதல் வேலையை ஒரு மூன்றாம் பிரிவுக் கல்லூரியில், இயலுமானால் விதிமுறைக் கண்காணிப்புப் பிரிவில், தேடுங்கள். அதுவரை, அரசுப் பல்கலைக்கழகங்கள் ஆண்டுதோறும் என்.சி.ஏ.ஏ.வுக்கு அளிக்கும் வரவுசெலவு அறிக்கைகளைத் தகவல் கோரும் சட்டத்தின்வழி பெற்று, கைப்பந்தின் கணக்கைக் காட்டும் வரியிலிருந்து வாசிக்கத் தொடங்குங்கள்.