கேள்வி–பதில்: மெட்டு எங்கே போகிறது?

என் மகன் படிவம் 4. பள்ளி பேண்டில் சாக்ஸபோன் ஊதுகிறான். வீட்டில் இரவும் பகலும் ஜாஸ் சாக்ஸபோன் கலைஞர் வெய்ன் ஷார்ட்டரின் 'ஸ்பீக் நோ ஈவில்' ஆல்பம்தான். எனக்கு மெட்டே பிடிபடவில்லை, ஆளுக்கொரு பக்கம் போவதுபோல இருக்கிறது. எப்படிக் கேட்பது, ஐயா?
– வாசகர், பட்டர்வொர்த்

'நிறுத்துடா' என்று சொல்லாமல் கூட உட்கார்ந்து கேட்கப் பார்க்கிறீர்களே, அதற்கே நன்றி. மெட்டு இருக்கிறது, ஐயா. மொத்தம் ஆறு உருப்படிகள், ஆறுமே ஷார்ட்டர் எழுதியவை. தொடக்கத்தில் மெட்டைச் சொல்லிவிடுவார்கள், அப்புறம் ஒவ்வொருவராக அதன்மேல் கற்பனை செய்துகொண்டே போவார்கள், முடிவில் மறுபடி அந்த மெட்டு வரும். கச்சேரியில் பல்லவியை எடுத்து, கற்பனை ஸ்வரம் பாடி, திரும்பப் பல்லவிக்கே வந்து சேர்கிறார்கள் இல்லையா, ஏறக்குறைய அதே வழி. அதனால் முதல் ஒரு நிமிடத்தை மட்டும் இரண்டு மூன்று தடவை கேளுங்கள், மெட்டு வாயில் வந்து உட்காரட்டும், பிறகு முழுதாகக் கேளுங்கள்.

அடுத்தது டிரம்ஸ். தைப்பூசத்துக்குப் பினாங்கு தண்ணீர்மலையில் நாதஸ்வரம் கேட்டிருப்பீர்கள். நாதஸ்வரம் நீளமாக இழுக்கும்போது தவில் வெறுமனே தாளமா போடுகிறது? பதில் பேசும், சீண்டும், தூக்கிவிடும். இங்கே அந்த வேலையை எல்வின் ஜோன்ஸ் செய்கிறார். ஆல்பத்தின் பெயரையே கொண்ட உருப்படியில் சாக்ஸபோனும் டிரம்பெட்டும் நீண்ட ஸ்வரங்களைப் பிடித்து நிற்க, அடியில் அவர் கொதித்துக்கொண்டே இருப்பார். பதிவானது 1964 டிசம்பர் 24, நியூ ஜெர்சியில் ருடி வான் கெல்டரின் ஸ்டூடியோவில். அதே ஸ்டூடியோவில் அதே மாதம் 9ஆம் தேதிதான் இன்னொரு ஜாஸ் சாக்ஸபோன் கலைஞரான ஜான் கோல்ட்ரேனின் 'எ லவ் சுப்ரீம்' பதிவாகியிருந்தது, அதற்கும் டிரம்ஸ் இவரே. பதினைந்து நாளில் இரண்டு ஆல்பம், இரண்டையும் இன்றைக்கும் கேட்டுக்கொண்டிருக்கிறோம், நினைத்தால் எனக்குச் சிலிர்க்கிறது.

எதில் தொடங்குவது என்றால் 'இன்ஃபன்ட் ஐஸ்'. ஷார்ட்டர் தன் மகளுக்காக எழுதியது. ஃப்ரெடி ஹப்பார்டின் டிரம்பெட் இதில் ஒதுங்கிக்கொள்ளும், ஹெர்பி ஹான்காக்கின் பியானோ, ரான் கார்ட்டரின் பேஸ், டிரம்ஸ் மூன்றையும் வைத்துக்கொண்டு சாக்ஸபோன் மெதுவாகப் பாடும். நாலு தட்டு சேர்ந்தது ஒரு பார் (மகனைக் கேளுங்கள், சொல்வான்). பல பாட்டுகளில் எட்டு பாருக்கு மெட்டின் ஒரு வரி முடியும், இதில் ஒன்பது. முடிந்துவிட்டது என்று காது நினைக்கிற இடத்தில் இன்னொரு மூச்சு மிச்சம் இருக்கும், தூங்கும் குழந்தையை விட்டு எழுந்து போக மனமில்லாமல் இன்னும் கொஞ்சம் நிற்பதுபோல. ஏழு நிமிடம்தான். ஜார்ஜ்டவுனுக்கு ஃபெரி ஏறும்போது காதில் மாட்டிக்கொண்டு கேட்டுப் பாருங்கள்.

போஸ்ட்-பாப் என்கிறார்களே, அது என்ன?
– வாசகி, ஆயர் ஈத்தாம்

1960களில் ஜாஸில் வந்த போக்கு. மெட்டும் தாளமும் இருக்கும், ஆனால் அதற்கு முந்தைய வேகமான ஜாஸ் பாணியான பீபாப்பில் படபடவென்று மாறிய கார்டுகள் (ஒரே நேரத்தில் சேர்ந்து ஒலிக்கும் ஸ்வரங்கள்) இங்கே நின்று நிதானமாக, எதிர்பாராத பக்கம் திரும்பும். மேலே சொன்ன ஆல்பமே நல்ல உதாரணம்.

கர்நாடக இசையில் கத்ரி கோபால்நாத் வாசித்ததும் இதே சாக்ஸபோன்தானா?
– வாசகர், ஜெலுத்தோங்

அவருடையது ஆல்டோ. ஷார்ட்டர் இந்த ஆல்பத்தில் ஊதுவது டெனர், உருவத்தில் பெரிது, குரலும் கீழே. கமகம் வருவதற்காகக் கத்ரி கருவியிலேயே மாற்றம் செய்துகொண்டார், ஒரு ஸ்வரத்திலிருந்து இன்னொன்றுக்கு வழுக்கிக்கொண்டே போவார். ஷார்ட்டர் ஒரு ஸ்வரத்தை வைத்துவிட்டுக் கொஞ்சம் இடம் விடுவார், அந்த இடத்தில் ஹான்காக் என்ன வாசிக்கிறார் என்று கவனியுங்கள்.